இரகசிய அறை எதுவும் இருக்கவில்லை

உயர்தர வகுப்பில் எனக்குப் பக்கத்தில் இருக்கும் தோழி ஒருநாள் இடைவேளையில் ஒரு கதை சொன்னாள். யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டதன் உண்மையான காரணம் யாருக்கும் தெரியாதாம். அந்தக் கட்டடத்துக்குக் கீழே நிலவறை ஒன்று இருந்ததாம். அதற்குள் சித்தர்கள் எழுதிய ஓலைகள், சாகாமல் இருப்பதற்கான மருந்து, இரும்பைப் பொன்னாக்கும் வித்தை எல்லாம் பூட்டி வைக்கப்பட்டிருந்தனவாம். உலகத்துக்குத் தெரியவே கூடாத அறிவு என்பதால்தான் கொளுத்தினார்களாம். எங்கே கேட்டாய் என்றேன். போனில் ஒரு வீடியோவில் பார்த்தாளாம். சுற்றி நின்ற ஐந்தாறு பேரும் வாயைத் திறந்தபடி கேட்டுக்கொண்டிருந்தார்கள். மறைப்பதில் என்ன பயன், நானும்தான்.

வீட்டுக்குப் போன பிறகு எனக்குக் கோபம் வந்தது. அவள் மீது அல்ல. அந்தக் கதை ஏன் இவ்வளவு இனிக்கிறது என்று என் மீதே வந்த கோபம்.

ஆபத்தான அறிவு ஓரிடத்தில் ஒளித்து வைக்கப்பட்டிருக்கிறது என்ற கதை எல்லா ஊர்களிலும் உண்டு. ஹரி பொட்டர் கதையில் நூலகத்தின் ஒரு பகுதி மாணவருக்குத் தடை செய்யப்பட்டிருக்கும். இந்தியாவில் அசோகச் சக்கரவர்த்தியின் பேரில் ஒரு கதை சுற்றுகிறது. கலிங்கப் போரின் அழிவைக் கண்டு மனம் மாறிய அசோகர், அறிவு தீயவர் கையில் சிக்கக் கூடாது என்று ஒன்பது பேரைத் தெரிந்தெடுத்து, ஆளுக்கொரு நூலைக் கொடுத்து மறைத்து வைக்கச் சொன்னாராம். ஒரு நூலில் மனித மனங்களை மாற்றும் வித்தை, இன்னொன்றில் தொட்டே கொல்லும் வித்தை, வேறொன்றில் புவியீர்ப்பை வெல்லும் வித்தை. அந்த ஒன்பது பேரின் வழிவந்தவர்கள் இன்றும் எங்கோ இருக்கிறார்கள் என்று சொல்வோர் உண்டு.

வரலாற்றை ஒரு பாடமாக எடுத்திருப்பதால் இதைச் சும்மா விட மனம் வரவில்லை. தேடிப் பார்த்தேன். இந்தக் கதையைப் பரப்பியது டல்பொட் மண்டி என்ற ஆங்கில எழுத்தாளர் 1923இல் வெளியிட்ட ஒரு நாவல். பிறகு 1960இல் பிரெஞ்சில் வந்த ஒரு புத்தகம் அதை உண்மை போலவே எடுத்துச் சொல்ல, உலகமெல்லாம் பரவிவிட்டது. அசோகர் உண்மையில் செய்தது இதற்கு நேர் எதிரானது. தான் சொல்ல விரும்பியதை வழியோரப் பாறைகளிலும் தூண்களிலும் வெட்டி வைத்தார். பிராமி எழுத்தில் மட்டுமல்ல, மக்கள் வேறு மொழி பேசிய வடமேற்குப் பகுதியில் கிரேக்கத்திலும் அரமேயத்திலும் வெட்டுவித்தார். கலிங்கத்தில் வெட்டிய சாசனத்தைக் குறிப்பிட்ட நாட்களில் மக்களுக்கு வாசித்துக் காட்ட வேண்டும் என்றும் கட்டளையிட்டார். 1837இல் ஜேம்ஸ் பிரின்செப் அந்த எழுத்துக்களை வாசித்தபோது, அவற்றில் வரும் பியதசி யார் என்பதை இலங்கையிலிருந்த ஜோர்ஜ் டேனர் நம் நாட்டுப் பாளி நூல்களைக் கொண்டு கண்டுபிடித்துச் சொன்னார். மழையிலும் வெயிலிலும் எல்லாரும் பார்க்கக் கிடந்த எழுத்தை விட்டுவிட்டு, இல்லாத ஒன்பது புத்தகங்களைத் தேடுகிறோம்.

இப்போது எங்கள் நூலகத்துக்கு வருகிறேன்.

1933இல் க. மு. செல்லப்பா என்பவர் தன் வீட்டில் புத்தகங்களைச் சேர்த்து, மற்றவர்கள் வாசிக்கத் திறந்துவிட்டதில் இருந்துதான் இந்த நூலகம் தொடங்குகிறது. அடுத்த ஆண்டு ஊரவர்கள் கூடி அதைப் பொது நூலகமாக்கினார்கள். பிறகு உள்ளூராட்சி மன்றம் பொறுப்பேற்றது. பெரிய கட்டடம் வேண்டும் என்று 1953இல் அடிக்கல் வைத்தார்கள். வரைபடத்தைச் சென்னையைச் சேர்ந்த நரசிம்மன் வரைந்தார். இந்திய நூலகவியலின் தந்தை எனப்படும் எஸ். ஆர். ரங்கநாதன் ஆலோசனை சொன்னார். வண. பிதா லோங் அடிகளார் அலைந்து திரிந்து உதவினார். 1959 ஒக்டோபரில் திறப்பு விழா நடந்தது. வீட்டுக்காரர் ஒருவரின் புத்தக அடுக்கு ஆசியாவின் சிறந்த நூலகங்களில் ஒன்றாக வளர்வதற்கு ஐம்பது ஆண்டுகள்கூட எடுக்கவில்லை.

1981ஆம் ஆண்டு மாவட்ட அபிவிருத்திச் சபைத் தேர்தல் நெருங்கிய நேரம். மே 31 அன்று தேர்தல் கூட்டம் ஒன்றில் பொலிஸார் சுடப்பட்டு இறந்தார்கள். அன்றிரவே பொலிஸாரும் அவர்களோடு சேர்ந்தவர்களும் நகரத்தில் இறங்கினார்கள். கடைகள், ஈழநாடு பத்திரிகை அலுவலகம், நாடாளுமன்ற உறுப்பினர் யோகேஸ்வரனின் வீடு என்று எரிந்து, கடைசியில் நூலகமும் எரிந்தது. ஏறக்குறைய 97,000 நூல்களும் ஏடுகளும் போயின. ஐசாக் தம்பையா, ஆனந்த குமாரசுவாமி ஆகியோரின் தொகுப்புகளும் அவற்றில் இருந்தன. தீச்சுவாலையைப் பார்த்த அதிர்ச்சியில் பன்மொழிப் புலவர் வண. பிதா தாவீது அடிகளார் உயிர் நீத்ததை யாழ்ப்பாணத்தில் இன்றும் சொல்வார்கள்.

இதில் இரகசியம் எங்கே இருக்கிறது? எந்த நிலவறையில்? எரிந்தவை கந்தோரில் வேலை பார்ப்பவர் மாலையில் வந்து புரட்டிய பத்திரிகைகள், பரீட்சைக்குப் படிக்கும் பிள்ளை குறிப்பெடுத்த பாடநூல்கள், சிறுவர் பகுதியில் இருந்த படக்கதைகள், வைத்திய ஏடுகள், சோதிட ஏடுகள், இலக்கணங்கள், அகராதிகள். அங்கத்துவ அட்டை வைத்திருந்த எவரும் கேட்டுப் பெறக்கூடியவை. எரித்தவர்களில் ஒருவர்கூட ஏதோ ஓர் ஓலையில் இருந்த மந்திரத்துக்குப் பயந்து வந்திருக்க மாட்டார். ஒரு சனம் தனக்கென்று இவ்வளவு பெரிய வாசிப்புக் கூடத்தை எல்லோருக்கும் பார்க்கும்படி கட்டி வைத்திருந்தது. அதுதான் கண்ணைக் குத்தியது.

என் தோழியின் கதை எனக்குப் பிடிக்காமல் போனது இதனால்தான். 'சாகா மருந்து எரிந்தது' என்று சொன்னால் நாம் உச்சுக்கொட்டி வியக்கிறோம். 'ஐந்தாம் வகுப்புப் பிள்ளையின் கதைப்புத்தகம் எரிந்தது' என்று சொன்னால் வியப்பதற்கு ஒன்றும் இல்லை, துக்கம்தான் மிஞ்சும். மர்மக் கதை அந்தத் துக்கத்தை எங்களிடமிருந்து எடுத்துப் போய்விடுகிறது. அதைவிட மோசமானது, எரித்ததற்கு ஒரு நியாயத்தையும் கொடுத்துவிடுகிறது. ஆபத்தான அறிவாக இருந்தால் கொளுத்தலாம் என்று ஆகிவிடும் அல்லவா?

பெருமைக்காகச் சொல்லும் கதைகளிலும் கவனம் வேண்டும். யாழ்ப்பாண வைபவமாலையின் ஒரேயொரு பிரதி அன்று எரிந்துபோனது என்று பல இடங்களில் எழுதியிருக்கிறார்கள். அந்த நூலைப் பிறிற்றோ என்பவர் 1879லேயே ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து வெளியிட்டுவிட்டார். தமிழிலும் அச்சானது. இன்றும் வாசிக்கலாம். உண்மையில் எரிந்தவற்றின் பட்டியலே போதுமான அளவு பாரமானது. அதற்கு மேல் நாம் எதையும் ஏற்ற வேண்டியதில்லை.

முஸ்லிம்களாகிய எங்கள் மீதும் இப்படியொரு கதை சுமத்தப்பட்டிருக்கிறது. எகிப்தின் அலெக்சாந்திரியா நூலகத்தை எரிக்கச் சொன்னவர் கலீபா உமர் (ரழி) அவர்கள் என்பது அந்தக் கதை. குர்ஆனோடு ஒத்துப்போகும் நூல்கள் தேவையில்லை, ஒத்துப்போகாதவை ஆபத்தானவை என்று அவர்கள் சொன்னதாக இன்றும் பலர் எழுதுகிறார்கள். முஸ்லிம்கள் அந்த நகரத்துக்குள் நுழைந்தது கி.பி. 640களின் தொடக்கத்தில். இந்தக் கதை எழுத்தில் வருவதோ ஏறத்தாழ அறுநூறு ஆண்டுகள் கழித்து, 13ஆம் நூற்றாண்டில். அந்தப் பழைய நூலகம் முஸ்லிம்கள் வருவதற்குப் பல நூற்றாண்டுகள் முன்பே அழிந்துபோயிருந்தது. ஆங்கில வரலாற்றாசிரியர் கிப்பன் 18ஆம் நூற்றாண்டிலேயே இதை நம்ப மறுத்திருக்கிறார்.

சரி, அது பொய். ஆனால் அந்தப் பொய்யில் வரும் வாதத்தை எங்கள் வீடுகளில் நாங்களே சொல்வதில்லையா? "பரீட்சைக்கு வராதது எதற்கு? மார்க்கத்துக்கு உதவாதது எதற்கு?" இந்த இரண்டு கேள்விகளுக்கும் இடையில் எத்தனை புத்தகங்கள் அலுமாரிக்குள்ளேயே இருந்துவிடுகின்றன! உமர் (ரழி) அவர்கள் சொல்லாததை அவர்கள் பேரில் சொன்னவர்களைக் கண்டிக்கிறோம். அதே சொல்லை எங்கள் வாயால் சொல்லும்போது ஒன்றும் தோன்றுவதில்லை.

பெற்றோர் இதை வாசிப்பீர்கள் என்பதால் ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். ஆபத்தான அறிவு என்று எதுவுமே இல்லை என்று நான் வாதாட வரவில்லை. குண்டு செய்யும் முறையும் ஓர் அறிவுதான். எங்கள் சமூகத்திலும் பெரியவர்கள் பேரைச் சொல்லவே தயங்கும் நூல்கள் இருக்கின்றன. அல்பூனியின் பெயரில் வழங்கும் 'ஷம்ஸுல் மஆரிஃப்' அப்படி ஒன்று. அது வீட்டில் இருந்தாலே ஜின் வரும் என்று சிறு வயதில் என்னைப் பயமுறுத்தியிருக்கிறார்கள். சூனியம் எங்கள் மார்க்கத்தில் பெரும் பாவம், அதில் எனக்கு மறுபேச்சு இல்லை. ஆனால் சூறா பகறாவின் 102ஆவது வசனத்தை நினைத்துப் பாருங்கள். பாபில் நகரில் ஹாரூத், மாரூத் என்ற இரு மலக்குகளைப் பற்றிச் சொல்லும் இடம் அது. நாங்கள் ஒரு சோதனைதான், நீ நிராகரித்துவிடாதே என்ற கருத்தில் எச்சரிக்காமல் அவர்கள் எவருக்கும் எதையும் கற்றுக்கொடுக்கவில்லை என்று வருகிறது. எனக்கு அதன் விளக்கமெல்லாம் சொல்லும் தகுதி இல்லை. ஒரு மாணவியாக எனக்குப் படுவது இவ்வளவுதான்: அங்கே பூட்டு இருக்கவில்லை, எச்சரிக்கை இருந்தது. கேட்பவருக்குத் தெரிந்துகொண்டு முடிவெடுக்கும் பொறுப்பும் இருந்தது.

எங்களுக்குக் கிடைப்பது பெரும்பாலும் பூட்டுத்தான். சிறு வயதில் வேறோர் ஊரில் நான் படித்த பாடசாலையில் கண்ணாடிக் கதவு போட்ட அலுமாரி ஒன்று இருந்தது. பிள்ளைகள் கிழித்துவிடுவார்கள் என்று நல்ல புத்தகங்களை எல்லாம் அதற்குள் வைத்துப் பூட்டியிருந்தார்கள். முதுகுப்புறத்துப் பெயர்களைக் கண்ணாடிக்கு வெளியே நின்று வாசிப்பேன். இரண்டு வருடம் கழித்து யாரோ பெரியவர் பார்க்க வருகிறார் என்று அலுமாரியைத் திறந்தார்கள். கீழ்த்தட்டு முழுவதும் கறையான். வெளியே அட்டை அப்படியே இருக்க, உள்ளே மண். தில்லைக் கோயிலில் தேவார ஏடுகளை ஓர் அறையில் பூட்டி வைத்திருந்ததாகவும், இராசராச சோழன் திறப்பித்தபோது பெரும்பகுதியைக் கறையான் தின்றிருந்ததாகவும் ஒரு மரபுக் கதை உண்டு. தமிழ்ப் பாடத்தில் அதைக் கேட்டபோது வகுப்பில் நான் மட்டும் சிரித்தேன். ஏன் சிரித்தாய் என்று ஆசிரியை கேட்டதற்குப் பதில் சொல்ல முடியவில்லை.

கறையான் அரிக்காத பூட்டுகளும் இருக்கின்றன. சாதாரணதர விஞ்ஞானத்தில் மனித இனப்பெருக்கம் பற்றி வரும் பாடத்தை "வீட்டில் வாசித்துக்கொள்ளுங்கள்" என்று கடந்து போன அனுபவம் எனக்கு மட்டும் உரியதல்ல என்று நினைக்கிறேன். வீட்டில் அந்தப் பக்கத்தைத் திறந்தால் உம்மா அடுப்படியிலிருந்து எட்டிப் பார்ப்பார். என் சொந்த உடம்பைப் பற்றிய அறிவு எனக்குத் தடை செய்யப்பட்ட அறை. இன்னொன்று, 1951ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டம். நாளை என் கலியாணம் அந்தச் சட்டத்தின்படிதான் நடக்கும். விவாகப் பதிவில் மணமகளின் கையொப்பத்தை அது கேட்பதில்லை என்பதை நான் அறிந்தது சென்ற வருடம்தான், அதுவும் பத்திரிகையில் வந்த ஒரு கட்டுரையில். அந்தச் சட்டத்தை மாற்ற வேண்டும் என்பவர்களும் தொடக்கூடாது என்பவர்களும் நிறையப் பேசுகிறார்கள். யார் சரி என்று இங்கே நான் எழுதவில்லை. அதை வாசித்துப் பார்த்த பதினேழு வயதுப் பிள்ளைகள் எத்தனை பேர் என்றுதான் கேட்கிறேன். ஓர் அலுமாரிக்கும் போகாமல், யாரும் எரிக்காமல், எங்களிடமிருந்து ஒளிந்திருக்கிறது அது.

போன் எல்லோர் கையிலும் இருக்கிறதே, எதைத்தான் பூட்ட முடியும் என்று நீங்கள் கேட்கலாம். உண்மை. ஆனால் பூட்டிய பக்கத்துக்குப் பதிலாக அங்கே கிடைப்பது எது? நிலவறை, சாகா மருந்து. பாடத்தில் சொல்லாததைப் போன் தன் விருப்பப்படி சொல்லிக்கொடுக்கிறது. கேள்வி கேட்டால் திருப்பிச் சொல்ல அங்கே ஆள் இல்லை. நெருப்பு சுடும் என்று தெரிந்தும் உம்மாமார் எங்களை அடுப்படிக்குக் கூட்டிப் போய்ப் பக்கத்தில் நிற்கிறார்கள் அல்லவா, வாசிப்பிலும் அப்படி ஒருவர் பக்கத்தில் நிற்கலாம்.

என் உம்மம்மாவைப் பற்றிச் சொல்லாமல் முடிக்க முடியாது. 1990 ஒக்டோபர் 30ஆம் திகதி, விடுதலைப் புலிகளின் உத்தரவால் யாழ்ப்பாண முஸ்லிம்கள் இரண்டு மணித்தியாலத்தில் ஊரை விட்டு வெளியேறினார்கள். வடக்கு முழுவதிலும் இருந்து அந்த மாதத்தில் போனவர்கள் ஏறக்குறைய 75,000 பேர். சோனகத் தெருவில் இருந்த எங்கள் வீட்டின் றங்குப்பெட்டிக்குள் உம்மம்மாவின் உம்மா கொடுத்த கிதாபுகள் சில இருந்தனவாம். அரபுத்தமிழ்க் கிதாபுகள். எழுத்து அரபு, மொழி தமிழ். குர்ஆன் ஓதப் படித்த பெண்களுக்கு அரபு எழுத்துத் தெரியும், தமிழ் எழுத்துத் தெரியாது என்றிருந்த காலத்தில் அவர்கள் வாசித்தது அதைத்தான். கீழக்கரை மாப்பிள்ளை லெப்பை ஆலிம் (1816–1898) போன்றவர்கள் அந்த எழுத்தில் ஏராளமாக எழுதியிருக்கிறார்கள். தொழுகை, நோன்பு, குடும்பம் என்று ஒரு பெண்ணுக்கு வேண்டிய அறிவு அதில் இருந்தது. வெளியாள் பார்த்தால் மந்திரப் புத்தகம் என்றுகூட நினைப்பார். அந்தப் பெட்டி திரும்பிக் கிடைக்கவில்லை. வீடே கிடைக்கவில்லை, கூரையும் கதவும் இல்லாத சுவர்கள்தான் கிடைத்தன. நூலகத்தைப் பற்றி எழுதும் எவரும் அந்தப் பெட்டிகளைக் கணக்கில் சேர்ப்பதில்லை. எந்தக் கணக்கில் சேர்ப்பது என்று எனக்கும் தெரியவில்லை.

பொது நூலகம் திருத்தப்பட்டு 2003இல் மீண்டும் திறந்தது. முன்னால் சரஸ்வதி சிலை, வெள்ளைக் கட்டடம், உள்ளே மின்விசிறிச் சத்தம். டியூசன் முடிந்த நாட்களில் நானும் போய் இருப்பேன். 2005இல் தொடங்கிய இணைய நூலகமான நூலகம் திட்டம், ஈழத்து நூல்களையும் பத்திரிகைகளையும் ஸ்கான் செய்து யாரும் எடுத்து வாசிக்கும்படி வைத்திருக்கிறது. ஒரே இடத்தில் இருப்பதை எரிக்கலாம், ஆயிரம் இடங்களில் இருப்பதை எரிப்பது கஷ்டம் என்பதை யாழ்ப்பாணத்தை விட நன்றாக அறிந்த ஊர் எது?

அதைப் பார்த்துத்தான் எனக்கும் ஓர் எண்ணம் வந்தது. உம்மம்மாவின் தங்கை 1990க்கு முன்பே புத்தளத்தில் கலியாணம் முடித்துப் போனவர். அவரிடம் ஒரு கிதாபு தப்பியிருந்தது. முதல் பக்கங்கள் இல்லை, பெயரும் தெரியாது. சென்ற பெருநாள் விடுமுறையில் கேட்டு வாங்கி வந்தேன். தமிழில் இருந்து அரபியில் இல்லாத ப, ட, ண, ள போன்ற ஒலிகளுக்குப் புள்ளிகள் சேர்த்து வேறு எழுத்துகள் செய்திருக்கிறார்கள். அவை எனக்குப் புரியாததால் உம்மம்மா வாசிக்க நான் கொப்பியில் தமிழில் எழுதுகிறேன். கண்ணாடியைத் துடைத்துத் துடைத்து ஒரு நாளைக்கு அரைப் பக்கம். இதுவரை பதினொரு பக்கம் முடிந்திருக்கிறது.

பன்னிரண்டாவது பக்கத்தின் தொடக்கத்தை மனதுக்குள் வாசித்த உம்மம்மா, சட்டென்று கிதாபை மூடினார். "இது உனக்கு இப்ப தேவையில்ல புள்ள. கலியாணம் முடிச்சாப் பிறகு படிக்கலாம்" என்றார். நான் ஒன்றும் சொல்லவில்லை. பதினொரு பக்கம் எழுதியதில் அந்தப் புள்ளி வைத்த எழுத்துகள் எனக்குப் பழகிவிட்டன என்பதை அவர் இன்னும் கவனிக்கவில்லை.